ஐசியு வாசலில் திருப்பிக் கொடுத்த பை: ஒரு மருத்துவமனை நிர்வாகத்துக்குத் திறந்த மடல்

மருத்துவமனையின் தலைமை நிர்வாகி, மருத்துவக் கண்காணிப்பாளர், நர்சிங் கண்காணிப்பாளர் ஆகியோருக்கு,

போன வாரம் என் தம்பியின் போனுக்கு உங்களிடமிருந்து ஒரு வாட்ஸ்அப் செய்தி வந்தது. அப்பாவை டிஸ்சார்ஜ் செய்து நான்கு மாதம் ஆகிவிட்டது. உங்கள் பட்டியலில் நாங்கள் இன்னும் இருக்கிறோம் போல. ஐசியுவில் இருப்பவர்களை இதுவரை காலையும் மாலையும் பார்க்கலாம், அடுத்த மாதத்திலிருந்து மாலை மட்டும்தான். ஒருவர்தான் போகலாம், பத்து நிமிடம். நோயாளியின் சொந்தப் பொருள் எதுவும் உள்ளே அனுமதி இல்லை, 'மூக்குக் கண்ணாடி, பல்செட், காதுக் கருவி உட்பட'. எல்லாம் நோய்த்தொற்றைத் தடுப்பதற்காகவாம். செய்தியின் அடியில் உங்கள் சின்னம், அதற்குக் கீழே பச்சை எழுத்தில் 'நோயாளியே எங்கள் மையம்'.

'காதுக் கருவி உட்பட' என்று எழுதியிருக்கிறீர்களே, அதற்காகத்தான் இந்த மடல். நான்கு மாதத்துக்கு முன் அது உங்கள் ஐசியுவில் வெறும் பழக்கமாக இருந்தது, எழுத்தில் எங்கும் இல்லை. அதைப் பற்றி மூன்று பக்கத்துக்குப் புகார் எழுதிக் கொடுத்தேன். 'தங்கள் மேலான கருத்துக்கு நன்றி' என்று ஒரு வரியில் பதில் வந்தது. இப்போது அதே பழக்கத்தை விதியாக்கி எங்களுக்கே அனுப்பியிருக்கிறீர்கள்.

உங்கள் மருத்துவமனையின் பெயரை இதில் எழுதவில்லை. அலுவலகத்தில் இந்தக் கதையைச் சொன்னபோது நான்கு பேர் நான்கு மருத்துவமனைகளைச் சொல்லி "அங்கேயா?" என்று கேட்டார்கள். நான்குமே தப்பு. ஒரு பெயரை எழுதி மற்றவர்களைத் தப்பிக்கவிட எனக்கு விருப்பமில்லை. வாசிக்கும்போது உங்களுக்குத் தெரிந்துவிடும், அது போதும்.

அப்பாவுக்கு வயது 74. அரசுப் பேருந்தில் முப்பத்தொரு வருடம் கண்டக்டராக இருந்தவர். ஓய்வு பெறும்போதே வலது காது போய்விட்டது. இடது காதில் மெஷின் மாட்டினால் பேசுவது கேட்கும். மாட்டாவிட்டால் எதிரில் இருப்பவரின் வாயைப் பார்த்துப் புரிந்துகொள்வார், அதற்குக் கண்ணாடி வேண்டும். உங்கள் ஐசியுவில் மெஷின் இல்லை, கண்ணாடி இல்லை, வருகிறவர்கள் எல்லாரும் முகக்கவசம் போட்டிருக்கிறார்கள். அவர் நிலைமையைக் கொஞ்சம் நினைத்துப் பாருங்கள்.

ராத்திரி பதினொன்றரை மணிக்கு 108 ஆம்புலன்ஸில் கொண்டுவந்தோம். எமர்ஜென்சியில் இருந்த டாக்டர் வேகமாக வேலை பார்த்தார், அவர் மேல் ஒரு குறையும் சொல்ல மாட்டேன். ஆக்சிஜன் அளவு 82. இரண்டு பக்கமும் நிமோனியா. முகமூடி மாட்டி மூச்சை உள்ளே தள்ளும் பைபாப் மெஷின் வைக்க வேண்டும், ஐசியுவுக்கு உடனே ஏற்ற வேண்டும் என்றார். அந்த வேகம் இல்லாவிட்டால் அப்பா இன்று இருந்திருக்க மாட்டார். அதை எங்கேயும் சொல்லத் தயார்.

அப்புறம் ஒரு பெண் அட்டையில் செருகிய காகிதங்களோடு வந்தார். "அட்டெண்டர் யாரு? இங்க ஒரு கையெழுத்து, இங்க ஒண்ணு, இங்க ஒண்ணு." பதினோரு பக்கம், அத்தனையும் ஆங்கிலம். அப்பா ஸ்ட்ரெச்சரில் முழு நினைவோடு படுத்திருக்கிறார். மெஷின் காதில் இருக்கிறது. மூச்சு வாங்குகிறதே தவிர கேட்டால் பதில் சொல்கிறார். எமர்ஜென்சி டாக்டரிடம் "நெஞ்சுல சளியா சார்?" என்று கேட்டதே அவர்தான். அவரிடம் ஒருவரும் எதுவும் கேட்கவில்லை. தம்பி பதினோரு இடத்தில் கையெழுத்துப் போட்டான். எதில் போட்டான் என்று அவனுக்கும் தெரியாது, எனக்கும் தெரியாது.

நான் ஒரு கூட்டுறவுச் சங்கத்தில் எழுத்தர். நகைக் கடனுக்கு வரும் பாட்டி கைநாட்டு வைப்பதாக இருந்தால், படிவத்தை முதலில் அவருக்குப் படித்துக் காட்டுவோம். எத்தனை கிராம், எவ்வளவு வட்டி, எந்தத் தேதிக்குள் திருப்ப வேண்டும் என்று சொல்லி, "புரிஞ்சுதா ஆத்தா?" என்று கேட்டு, அப்புறம்தான் மைப்பெட்டியை நகர்த்துவோம். படித்துக் காட்டப்பட்டது என்று ஒரு வரி எழுதி அதற்குக் கீழே நான் கையெழுத்துப் போட வேண்டும். மூன்று பவுன் சங்கிலிக்கு இந்த முறை இருக்கிறது. ஒரு மனிதனின் மூச்சுக்கு இல்லை.

இதில் சட்டமும் உங்கள் பக்கம் இல்லை. சமீரா கோலி வழக்கில் உச்ச நீதிமன்றம் 2008 ஜனவரியில் தீர்ப்புச் சொன்னது. நோய் என்ன என்று பார்க்கும் லேப்ராஸ்கோப்பிக்குச் சம்மதம் கொடுத்துவிட்டு மயக்கத்தில் இருந்த பெண்ணுக்கு, வெளியே உட்கார்ந்திருந்த அவருடைய அம்மாவிடம் சம்மதம் வாங்கிக் கர்ப்பப்பையையும் சூலகங்களையும் எடுத்துவிட்டார்கள். வயது வந்த, சுயநினைவு திரும்பக்கூடிய நோயாளிக்கு உயிராபத்து இல்லாதபோது, அம்மாவே ஆனாலும் வேறொருவரின் சம்மதம் செல்லாது என்றது நீதிமன்றம். அப்பாவுக்கு அன்று உயிராபத்து இருந்தது, அது வேறு விஷயம் என்று உங்கள் வக்கீல் சொல்லக்கூடும். சரி. நினைவோடு இருக்கும் மனிதனிடம் "மூச்சுக்கு முகமூடி மாட்டப் போறோம், இறுக்கமா இருக்கும், பயப்படாதீங்க" என்று சொல்ல எத்தனை வினாடி ஆகும்?

இனி அந்தப் பைக்கு வருகிறேன். ஐசியு கதவு வரை ஸ்ட்ரெச்சரோடு போனோம். கால் மணி நேரம் கழித்து உதவியாளர் ஒருவர் வெளியே வந்து, "பேஷண்ட் திங்ஸ்" என்று ஒரு வெள்ளைப் பிளாஸ்டிக் பையைக் கொடுத்தார். உள்ளே வேட்டி, சட்டை, கத்தரித்து எடுத்த அரைஞாண் கயிறு, கண்ணாடி, கைக்குட்டையில் சுற்றிய காது மெஷின். பொருள்கள் எல்லாம் சரியாக வந்து சேர்ந்தன என்று ஒரு நோட்டில் கையெழுத்து வாங்கினார். எண்ணிக்கையில் ஒன்றும் குறையவில்லை. "காது மெஷின் இல்லாட்டி அப்பாவுக்குக் கேக்காதே" என்றேன். "உள்ள எல்லாம் நாங்க பாத்துக்குவோம்மா" என்று கதவைச் சாத்திக்கொண்டார்.

இரண்டாம் நாள் காலை பத்து நிமிடத்துக்கு உள்ளே போனேன். அப்பாவின் இரண்டு மணிக்கட்டையும் பேண்டேஜ் துணியால் கட்டிலின் இரும்புக் கம்பியோடு கட்டியிருந்தார்கள். இடது மணிக்கட்டில் துணிக்கு மேலே தோல் சிவந்து வீங்கியிருந்தது. கண் திறந்திருக்கிறது, பார்வை என் மேல் நிற்கவில்லை. "ராத்திரி பூரா ரொம்ப வயலண்ட்டும்மா. மாஸ்க்கைப் பிடுங்குறாரு, கத்துறாரு" என்றார் நர்ஸ். பாவம், அவர் முகத்திலும் தூக்கம் இல்லை. பிறகு, "ஹோல்டான் ஹோல்டான்னு கத்துறாரே, அப்படின்னா என்னம்மா?" என்று கேட்டார்.

"வண்டியை நிறுத்தச் சொல்றார்" என்றேன்.

பெரிய டாக்டர் அன்று மதியம் எங்களைக் கூப்பிட்டு, "ஐசியு சைக்கோசிஸ். வயசானவங்களுக்கு வரும். ஊசி போட்டிருக்கோம்" என்றார். மொத்தம் இரண்டு நிமிடம். சைக்கோசிஸ் என்றால் பைத்தியமா என்று அம்மா அன்று இரவு முழுவதும் கேட்டுக்கொண்டிருந்தார். டெலிரியம் என்ற சொல்லை நான் தெரிந்துகொண்டது வீட்டுக்கு வந்த பிறகு, டாக்டருக்குப் படிக்கும் சித்தி மகளிடமிருந்து. திடீரென்று வரும் குழப்பம் அது. நாள், இடம், ஆள் எல்லாம் கலங்கிப்போகும். ஒரு மணி நேரம் தெளிவாக இருப்பார்கள், அடுத்த மணி நேரம் இருக்க மாட்டார்கள். தொற்று, ஆக்சிஜன் குறைவு, தூக்கமின்மை, சில மருந்துகள் எல்லாம் அதைக் கொண்டுவரும். கண் தெரியாததும் காது கேட்காததும்கூட. பைத்தியம் இல்லை, பெரும்பாலும் சரியாகிவிடும். இதை அந்த இரண்டு நிமிடத்திலேயே சொல்லியிருக்கலாம். அம்மாவாவது தூங்கியிருப்பார்.

மெஷினை மாட்டியிருந்தால் அப்பாவுக்குக் குழப்பமே வந்திருக்காது என்று நான் சொல்லவில்லை. நிமோனியாவே போதுமான காரணம். ஆனால் நீங்கள் நம்பும் மொழியிலேயே ஒரு தகவல் சொல்கிறேன். அமெரிக்காவில் யேல் நியூ ஹேவன் மருத்துவமனையில் ஷரன் இனூய் என்ற மருத்துவர் 70 வயது தாண்டிய 852 பேரை வைத்து நடத்திய ஆய்வு 1999-ல் வெளிவந்தது. ஒரு பாதிப் பேருக்கு வழக்கமான கவனிப்பு. மறுபாதிக்குக் கூடுதலாகச் சில சின்ன வேலைகள்: கண்ணாடியைப் போட்டுவிடுவது, காது கேட்க வழி செய்வது, இன்று என்ன நாள், எங்கே இருக்கிறீர்கள் என்று சொல்லிக்கொண்டே இருப்பது, இரவில் தூங்க விடுவது, எழுந்து நடக்க வைப்பது, தண்ணீர் குடிக்க வைப்பது. முதல் கூட்டத்தில் நூற்றுக்கு 15 பேருக்கு டெலிரியம் வந்தது, இரண்டாவதில் 9.9 பேருக்கு. அது பொது வார்டில் நடந்த ஆய்வு, ஐசியுவில் இல்லை. ஆனாலும் இருபத்தைந்து வருடத்துக்கு முன்பே மருத்துவமாக எண்ணப்பட்ட ஒரு பொருளை நீங்கள் வேட்டி சட்டையோடு சேர்த்து மடித்துக் கொடுக்கிறீர்கள்.

நான்காம் நாள் இரவு பத்தரைக்குத் தம்பியின் போன் அடித்தது. ஐசியுவிலிருந்து என்றதும் கை நடுங்கியது. "அப்பாவுக்குக் காது கேக்காதா? மெஷின் எதுவும் இருக்கா?" என்று ஒரு பெண் குரல். நாங்கள் கீழே அட்டெண்டர் ஹாலில்தான் பாய் விரித்துப் படுத்திருந்தோம். ஓடினேன். அந்த நர்ஸ் மெஷினை வாங்கித் துடைத்து, "எந்தக் காது?" என்று கேட்டார். உங்கள் மருத்துவமனையில் அந்தக் கேள்வியைக் கேட்ட ஒரே ஆள் அவர். பெயரை எழுத மாட்டேன், எழுதினால் நீங்கள் பாராட்ட மாட்டீர்கள், விளக்கம் கேட்பீர்கள்.

மெஷினை மாட்டி, முகத்துக்கு நேராகக் குனிந்து, "ஐயா, நீங்க ஆஸ்பத்திரியில இருக்கீங்க, நெஞ்சுல சளி, உங்க பிள்ளைங்க வெளியில உக்காந்திருக்காங்க" என்று சொன்னாராம். அப்பா அவரையே கொஞ்ச நேரம் பார்த்துவிட்டுச் சொன்னது: "நாலு நாளா ஒருத்தரும் என்கூடப் பேசலையேம்மா."

முகமூடி எதற்கு என்று அவர் விளக்கினார். "அப்படியா, அப்ப மாட்டுங்க" என்றிருக்கிறார். கைக்கட்டை அவிழ்த்தார்கள். அதற்குள் மருந்தும் வேலை செய்ய ஆரம்பித்திருந்தது, காய்ச்சல் இறங்கியிருந்தது, அதையும் சேர்த்துத்தான் சொல்கிறேன். ஆனால் அன்று இரவு அவர் ஹோல்டான் சொல்லவில்லை.

காலையில் ஷிப்ட் மாறியது. பத்து மணிக்கு அதே உதவியாளர் வெளியே வந்தார். கையில் அதே மாதிரி வெள்ளைப் பை. உள்ளே மெஷின்.

எனக்குக் கோபம் வந்தது முதல் நாளில் இல்லை, இந்த ஐந்தாம் நாளில்தான். முதல் நாள் தெரியாமல் செய்தீர்கள் என்று வைத்துக்கொள்ளலாம். ஐந்தாம் நாள், பலன் தெரிந்த ஒரு மருந்தை நிறுத்தினீர்கள். ஏன் என்று கேட்டால் "இன்ஃபெக்‌ஷன் கண்ட்ரோல்". அந்தப் பதிலைச் சொன்னவர் கழுத்தில் அடையாள அட்டை தொங்கியது, கையில் செல்போன் இருந்தது, அதே போனோடுதான் உள்ளே திரும்பிப் போனார். அந்தப் போனைத் துடைக்க முடியும் என்றால் சுண்டுவிரல் அளவு மெஷினையும் துடைக்க முடியும்.

பார்வையாளர் நேரத்தைக் குறைப்பதற்கும் தொற்றைத்தான் காரணம் சொல்கிறீர்கள். பிரேசிலில் 36 ஐசியுக்களில் நடந்த ஒரு பெரிய ஆய்வு 2019-ல் வெளிவந்தது. குடும்பத்தார் நாளுக்குப் பன்னிரண்டு மணி நேரம் வரை கூட இருக்கலாம் என்று விட்டுப் பார்த்தார்கள். டெலிரியம் குறையும் என்று எதிர்பார்த்தார்கள், குறிப்பிடும்படி குறையவில்லை. அதை நான் மறைக்க மாட்டேன். ஆனால் நோய்த்தொற்று கூடவில்லை, ஊழியர்களின் களைப்பும் கூடவில்லை, குடும்பத்தாரின் பதற்றமும் மனச்சோர்வும் குறைந்தன. உங்களிடம் இதற்கு மாறான கணக்கு இருக்கலாம். போன வருடம் பார்வையாளர்களால் எத்தனை தொற்று வந்தது என்று உங்கள் மருத்துவமனையின் எண்ணைக் காட்டுங்கள், வாயை மூடிக்கொள்கிறேன். எண் இல்லாமல் தொற்று என்ற சொல்லை மட்டும் கதவுக்குத் தாழ்ப்பாளாகப் போடாதீர்கள்.

கையைக் கட்டியதைப் பற்றி. முகமூடி கழன்றால் உயிருக்கு ஆபத்து என்ற நிலையில் கட்ட வேண்டிய நேரம் வரலாம், அது எனக்குப் புரிகிறது. எங்களிடம் ஏன் சொல்லவில்லை? 2017-ன் மனநலப் பராமரிப்புச் சட்டத்தைப் படித்துப் பார்த்தேன். மனநல மருத்துவமனையில் ஒருவரைக் கட்டுவதானால், உடனடி ஆபத்தைத் தடுக்க வேறு வழியே இல்லாதபோதுதான் கட்டலாம், மனநல மருத்துவர் அனுமதிக்க வேண்டும், காரணத்தைப் பதிவு செய்ய வேண்டும், நோயாளியின் பிரதிநிதிக்கு 24 மணி நேரத்துக்குள் தெரிவிக்க வேண்டும். ஆள் பற்றாக்குறையை மட்டும் காரணமாக வைத்துக் கட்டக் கூடாது என்றுகூட எழுதியிருக்கிறது. அந்தச் சட்டம் உங்கள் ஐசியுவுக்குப் பொருந்தாது என்பது எனக்குத் தெரியும். மனநல மருத்துவமனையில் இருப்பவருக்கு உள்ள பாதுகாப்பு நிமோனியா வந்த கண்டக்டருக்கு இல்லையா என்றுதான் கேட்கிறேன்.

ஆள் பற்றாக்குறையை ஏன் இழுக்கிறேன் என்றால், நான் பார்த்த இரவில் ஒரு நர்ஸ் நான்கு படுக்கையைப் பார்த்துக்கொண்டிருந்தார். நான்கிலும் மெஷின்கள் கூவுகின்றன. அவர்மேல் எனக்குக் கோபம் இல்லை. அந்த எண்ணிக்கையை முடிவு செய்கிற அறையில் உட்கார்ந்திருப்பவர்களுக்குத்தான் எழுதுகிறேன்.

அப்பாவை யார் கட்டச் சொன்னது, எப்போது கட்டினார்கள், எப்போது அவிழ்த்தார்கள் என்று பார்க்க நர்சிங் குறிப்புகளின் நகலை எழுத்தில் கேட்டேன். நோயாளியின் தரப்பு கேட்டால் 72 மணி நேரத்துக்குள் மருத்துவ ஆவணங்களைக் கொடுக்க வேண்டும் என்பது இந்திய மருத்துவக் கவுன்சிலின் 2002 ஒழுங்குமுறையிலேயே இருக்கிறது. இரண்டு முறை கேட்டேன். இரண்டு முறையும் டிஸ்சார்ஜ் சம்மரியை மட்டும் ஜெராக்ஸ் எடுத்துக் கொடுத்தீர்கள். அதில் கட்டியது பற்றி ஒரு வார்த்தை இல்லை, காது கேட்காது என்றும் இல்லை. 'நோயாளி ஒத்துழைக்கவில்லை' என்று ஒரு வரி ஆங்கிலத்தில் இருக்கிறது.

'நோயாளியே மையம்' என்பது யாருடைய பேச்சு என்று தேடிப் பார்த்தேன். அமெரிக்காவில் எக்ஸ்ரே கருவிகள் செய்த கம்பெனியை நடத்திய ஹார்வி பிக்கர் என்பவர் 1986-ல் ஒரு நிறுவனம் தொடங்குகிறார். கருவிகளோடு வாழ்ந்த குடும்பம், மருத்துவத்தின் தொழில்நுட்பம் எவ்வளவு வளர்ந்தது என்று அவருக்கு யாரும் சொல்லித் தர வேண்டியதில்லை. படுத்திருப்பவரின் கண்ணிலிருந்து மருத்துவமனை எப்படித் தெரிகிறது என்று நோயாளிகளிடமே கேட்கும் வேலையை அந்த நிறுவனம் எடுத்துக்கொண்டது. 2001-ல் அமெரிக்காவின் 'இன்ஸ்டிட்யூட் ஆஃப் மெடிசின்' என்ற அமைப்பின் அறிக்கை, நல்ல மருத்துவத்துக்கு இருக்க வேண்டிய ஆறு குணங்களில் ஒன்றாக 'நோயாளியே மையம்' என்பதை வைத்தது. பாதுகாப்பு, பலன், காலத்தோடு கிடைப்பது இவற்றுக்குச் சமமாக. நோயாளியின் விருப்பமும் தேவையும் சிகிச்சை முடிவுகளுக்கு வழிகாட்ட வேண்டும் என்பதுதான் அதன் சாரம்.

நீங்கள் அதை எப்படிப் புரிந்துகொண்டீர்கள் என்பது டிஸ்சார்ஜ் ஆன மறுநாள் வந்த குறுஞ்செய்தியில் தெரிந்தது. பார்க்கிங் எப்படி இருந்தது? கேண்டீன்? அறைச் சுத்தம்? பில்லிங் வேகம்? ஒவ்வொன்றுக்கும் ஐந்து நட்சத்திரம். டாக்டர் சொன்னது புரிந்ததா, உங்களிடம் யாராவது கேட்டார்களா என்று ஒரு கேள்வி இல்லை. வரவேற்பறையில் நோயாளி உரிமைகள் பட்டியல் ஒன்று கண்ணாடிச் சட்டத்தில் தொங்குகிறது, பார்த்தேன். தேசிய மனித உரிமை ஆணையம் 2018-ல் 17 உரிமைகளோடு தயாரித்ததுதான். ஆங்கிலத்தில் இருக்கிறது. பாதியைத் தொட்டிச் செடி மறைக்கிறது.

எங்கள் ஊரில் மக்களைத் தேடி மருத்துவத்தில் ஒரு தங்கச்சி வருகிறார். 2021 ஆகஸ்டில் கிருஷ்ணகிரி மாவட்டத்தில் தொடங்கிய திட்டம், பிரஷர், சுகர் மாத்திரையை வீட்டுக்கே கொண்டுவந்து கொடுப்பார்கள். கையில் ஒரு பிபி மெஷின், தோளில் ஒரு பை. வாசலில் செருப்பைக் கழற்றிவிட்டு நேராக அப்பாவின் இடது பக்கம் போய் உட்கார்ந்து, "தாத்தா, போன மாசம் மாத்திரை மிச்சம் இருந்துச்சே, ஏன் போடல?" என்று சத்தமாகக் கேட்பார். "போட்டா தலை சுத்துது" என்பார் அப்பா. அந்தப் பதிலை எழுதிக்கொண்டு போய் ஆரம்ப சுகாதார நிலையத்து டாக்டரிடம் சொல்லி மாத்திரையின் அளவை மாற்றினார்கள். அந்தத் திட்டத்திலும் ஆயிரம் குறை இருக்கும், மாத்திரை தாமதமாக வந்த மாதங்களும் உண்டு. ஆனால் அவருக்கு எந்தக் காது என்று தெரியும். ஆறு நாளில் உங்கள் மருத்துவமனைக்கு அது தெரியவில்லை.

எங்கள் பக்கத் தப்பையும் சொல்லிவிடுகிறேன். மூன்றாம் நாள் தம்பி டாக்டரிடம், "எதுவா இருந்தாலும் எங்ககிட்ட சொல்லுங்க சார், அப்பாகிட்ட வேணாம், பயந்துருவார்" என்றான். நம் வீடுகளில் இது பாசம் என்று நினைத்துக்கொள்கிறோம். அப்பா வீட்டுக்கு வந்து பத்து நாள் கழித்து, "எனக்கு என்னன்னு என்னைத் தவிர எல்லாருக்கும் தெரிஞ்சிருக்கு" என்றார். தம்பி தலையைக் குனிந்துகொண்டான். ஆனால் அவன் சொன்னதும் உங்கள் டாக்டர் "அதுவும் சரிதான்" என்று தலையாட்டினாரே. "அவருக்குத் தெரிஞ்சுக்க விருப்பமான்னு முதல்ல அவர்கிட்டயே கேப்போம்" என்று அவர் சொல்லியிருந்தால் தம்பி மறுத்திருக்க மாட்டான். வீட்டுக்காரர்கள் பயத்தில் உளறுவோம். நீங்கள் தினமும் பார்க்கிறவர்கள்.

நான் கேட்பது இவைதான்.

அடுத்த மாதம் பிறப்பதற்குள் அந்த விதியிலிருந்து கண்ணாடி, பல்செட், காதுக் கருவி மூன்றையும் எடுங்கள். எடுத்தால் மட்டும் போதாது. சேர்க்கும்போதே காது கேட்குமா, எந்தக் காது, கண்ணாடி உண்டா, எந்த மொழியில் பேசினால் புரியும் என்று கேட்டுக் கேஸ் ஷீட்டின் முதல் பக்கத்தில் எழுதுங்கள். கட்டிலின் தலைமாட்டில் 'இடது காதில் பேசவும்' என்று ஒரு அட்டை மாட்டுங்கள். 'வெறும் வயிறு' என்று அட்டை தொங்கவிடுகிறீர்கள்தானே, அதன் பக்கத்திலேயே மாட்டலாம். பேட்டரி தீர்ந்தால் வாங்கித் தருவது எங்கள் வேலை, பொருள் தொலைந்தால் உங்களைக் கேட்க மாட்டோம் என்று வேண்டுமானால் அதற்கும் ஒரு கையெழுத்து வாங்கிக்கொள்ளுங்கள். தமிழில்.

நோயாளியின் கையைக் கட்ட வேண்டியிருந்தால் மருத்துவர் காரணத்தோடும் நேரத்தோடும் எழுதிய உத்தரவு இருக்க வேண்டும். அந்த மணி நேரத்துக்குள்ளேயே குடும்பத்துக்குப் போன் வர வேண்டும். நாங்கள் கீழே ஹாலில்தான் இருக்கிறோம், எங்களில் ஒருவர் கையைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தால் கட்ட வேண்டியிருக்காதா என்று முதலில் பாருங்கள்.

பார்வையாளர் நேரத்தைக் குறைக்கும் முடிவை நிறுத்துங்கள். 65 வயது தாண்டியவர்கள், குழம்பிப்போனவர்கள், மொழி புரியாதவர்கள் இவர்களுக்காவது, குறிப்பாக இரவில், வீட்டு ஆள் ஒருவர் சில மணி நேரம் கூட இருக்கட்டும். எல்லாப் படுக்கையிலும் முடியாது என்றால் நான்கு படுக்கையில் மூன்று மாதம் செய்து பாருங்கள். தொற்று கூடுகிறதா என்று எண்ணுங்கள். கூடினால் அந்த எண்ணை வெளியிட்டுவிட்டு நிறுத்துங்கள்.

சம்மதப் படிவங்களைத் தமிழில் அச்சடியுங்கள். நினைவோடு இருப்பவரிடம் அவரிடமே பேசுங்கள். பேசி முடித்ததும், "நான் சொன்னதுல உங்களுக்கு என்ன புரிஞ்சுது, சொல்லுங்க" என்று கேளுங்கள். இரவுப் பணியில் ஒரு நர்ஸுக்கு எத்தனை படுக்கை என்பதை ஐசியு வாசலில் பலகையில் எழுதி வையுங்கள்.

அப்பாவின் ஆறு நாள் நர்சிங் குறிப்புகளும் மருந்துப் பட்டியலும் எனக்கு வேண்டும். மூன்றாம் முறை கேட்கிறேன். இந்த மடலின் நகலை மாவட்ட மருத்துவப் பணிகள் இணை இயக்குநருக்கும் அனுப்பியிருக்கிறேன்.

பதினைந்து நாளைக்குள் பதில் எழுதுங்கள். இந்த முறை பதிலை அப்பா பெயருக்கே அனுப்புங்கள், தமிழில், கொஞ்சம் பெரிய எழுத்தில். கண்ணாடி இப்போது அவரிடம்தான் இருக்கிறது.

இப்படிக்கு,
ஐசியு 6-ஆம் படுக்கையில் இருந்தவரின் மகள்